ஸ்லைடில் ஏதோ சரியில்லையா? ரத்த ஸ்மியரில் விசித்திர செல் தெரிந்தால் பார்க்க வேண்டிய வரிசை

எங்கள் லேப் கடலோரத்தில் ஒரு சின்ன ஊரில் இருக்கிறது. ஸ்லைடைப் பார்த்து நோயைச் சொல்லும் பேத்தாலஜிஸ்ட் டாக்டர் வாரத்துக்கு இரண்டு நாள்தான் வருவார். மற்ற நாள்களில் ஸ்லைடை முதலில் பார்ப்பதும், "இது என்ன, புதுசா இருக்கே" என்று முழிப்பதும் நாங்கள்தான். இத்தனை வருடத்தில் நான் பதறிப்போய்ப் பார்த்த செல்களில் பாதிக்கு மேல் நாங்களே உண்டாக்கியவை. பழைய சாம்பிள், ஸ்லைடைப் பதப்படுத்தும் மெத்தனாலில் ஈரம் இறங்கியது, சரியாகக் காயாத ஸ்மியர் (ஸ்லைடில் மெல்லிசாக இழுத்த ரத்தம்), இப்படி. மீதியில் சில, மறுநாள் டாக்டர் வரட்டும் என்று விட்டுவைக்கவே கூடாதவை. இரண்டையும் குழப்பிக்கொள்ளாமல் இருக்கத்தான் இந்தக் குறிப்பு.

## எந்தக் கோளாறானாலும் முதல் ஐந்து நிமிடம்

எடுத்த எடுப்பில் எண்ணெய் விட்டு 100 லென்ஸுக்குப் போகாதீர்கள். 10 லென்ஸில் ஸ்லைடு முழுவதையும், முக்கியமாக ஸ்மியர் மெலிந்து முடியும் வால் பகுதியையும் இரண்டு ஓரங்களையும் ஒரு சுற்று சுற்றுங்கள். பெரிய செல்களும் பிளேட்லெட் கட்டிகளும் இழுக்கும்போது அங்கேதான் ஒதுங்கும். நடுவில் மட்டும் 100 செல் எண்ணிவிட்டு எழுந்தால் அவை கண்ணில் படவே படாது.

அடுத்து டியூப். பெயர் சரியா? ரத்தம் எத்தனை மணிக்கு எடுத்தது? கோடு வரை நிரம்பியிருக்கிறதா? குச்சியை விட்டுச் சுற்றினால் சின்னக் கட்டியாவது ஒட்டிக்கொண்டு வருகிறதா? கட்டி வந்தால் அங்கேயே நிறுத்துங்கள். வேறு சாம்பிள் வேண்டும்.

மூன்றாவதுதான் எனக்கு அதிகம் உதவியது: பக்கத்து ஸ்லைடு. அதே தட்டில், அதே ஸ்டெயினில், அதே நேரத்தில் போட்ட வேறொருவரின் ஸ்லைடை எடுத்துப் பாருங்கள். அதிலும் அதே விசித்திரம் இருந்தால் கோளாறு நம்முடையது. இதில் மட்டும் இருந்தால் கோளாறு டியூபிலோ ஆளிடமோ இருக்கிறது. கவுண்ட் எல்லாம் நார்மலான ஒரு சாம்பிளை ஒவ்வொரு தட்டிலும் நான் சேர்த்தே போடுவேன். ஒரு ஸ்லைடு கூடச் செலவாகும், அவ்வளவுதான்.

## அறிகுறி: ஸ்லைடு முழுக்க எல்லாச் செல்லும் கோணல்

### சிவப்பணு எல்லாம் முள்முள்ளாக இருக்கிறது

முதல் சந்தேகம் சாம்பிளின் வயசு. எடிடிஏ (ரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்து) போட்ட டியூபில் ரத்தம் மணிக்கணக்கில் கிடந்தால் ஓரம் சுருங்கி முள்ளாகிவிடும். கலெக்‌ஷன் சென்டரில் காலை ஏழு மணிக்கு எடுத்து, பஸ்ஸில் வெயிலில் வந்து, மதியம் நம் கைக்குக் கிடைக்கும் சாம்பிளில் இது சர்வ சாதாரணம். அதே ஸ்லைடில் வெள்ளையணு வகைகளும் மாறியிருக்கும்: நியூட்ரோஃபில் உட்கரு உருண்டு திரண்டிருக்கும், மோனோசைட்டில் ஓட்டைகள் விழுந்திருக்கும், லிம்போசைட் உட்கருவில் பிளவு தெரியும். அந்தப் பிளவுபட்ட லிம்போசைட்டைப் பார்த்துத்தான் பலர் பயப்படுவார்கள்.

அடுத்தது டியூபில் ரத்தம் குறைவு. 2 மில்லி டியூபில் அரை மில்லி எடுத்தால் எடிடிஏ ரத்தத்துக்கு மிஞ்சிப் போகும். அதற்கும் அப்புறம், ஸ்மியர் மெல்லக் காய்ந்தது, அழுக்கு ஸ்லைடு.

சோதனை ஒன்றுதான். புதிதாக ரத்தம் எடுத்து, இரண்டு மணி நேரத்துக்குள் ஸ்மியர் இழுத்து, ஃபேன் காற்றில் உடனே காய வையுங்கள். முள் போய்விட்டால் விஷயம் முடிந்தது. போகவில்லை என்றால் யூரியா, கிரியாட்டினின் பாருங்கள். சிறுநீரகம் செயலிழந்தவர்களுக்கு நிஜமாகவே இப்படி இருக்கும். தூரத்துச் சென்டர்களுக்கு ஒரே நிரந்தர வைத்தியம்தான்: ரத்தம் எடுத்த இடத்திலேயே இரண்டு ஸ்மியர் இழுத்துக் காயவைத்து டியூபோடு அனுப்பச் சொல்வது. முதல் மாதம் முணுமுணுப்பார்கள், பிறகு பழகிவிடும்.

### சிவப்பணுவின் நடுவில் பளபளக்கும் வளையம்

ஐப்பசி, கார்த்திகையில் எங்களுக்கு இது வருடா வருடம் வரும் விருந்தாளி. ஃபைன் ஃபோகஸைத் திருப்பினால் வளையம் கண்ணாடித் துண்டு மாதிரி மின்னும். காற்றில் ஈரம் இருப்பதால் ஸ்மியர் காயத் தாமதமாகிறது. திறந்து திறந்து மூடிய மெத்தனாலும் ஈரத்தை உறிஞ்சிவிடுகிறது. ரத்தசோகை என்றும், மலேரியா வளையம் என்றும் இதைத் தப்பாக எழுதியவர்களை எனக்குத் தெரியும். நானும் ஒருமுறை எழுதினேன்.

ஸ்மியரை ஃபேனுக்கு நேரே காட்டுங்கள். பெரிய பாட்டிலிலிருந்து சின்ன பாட்டிலுக்கு அன்றைக்கு வேண்டியதை மட்டும் ஊற்றி மூடி வையுங்கள். அப்படியும் போகாவிட்டால் புது மெத்தனால், புது ஸ்டெயின்.

### எல்லாம் நீலம், அல்லது எல்லாம் சிவப்பு

எல்லாம் நீலம் என்றால் ஸ்டெயினோடு கலக்கும் பஃபர் (அமில-கார அளவை நிலையாக வைக்கும் திரவம்) காரமாகிவிட்டது, ஸ்மியர் தடிமன், அல்லது கழுவியது போதவில்லை. எல்லாம் சிவப்பென்றால் பஃபர் அமிலம், ஸ்டெயின் நேரம் குறைவு, அல்லது கழுவியது அதிகம். லீஷ்மன் ஸ்டெயினுக்கு பஃபரின் பிஎச் 6.8 வேண்டும். பஃபர் தீர்ந்துவிட்டது என்று போர் தண்ணீரைக் கலந்தால் நீலம்தான் வரும். பக்கத்து ஸ்லைடு நன்றாக இருந்து, இது ஒன்றின் பின்னணி மட்டும் நீலமாக இருந்தால் ரத்தத்தில் புரதம் அதிகமாக இருக்கலாம். கீழே "ஒட்டிக்கொள்ளும் சிவப்பணு" பகுதிக்குப் போங்கள்.

### மேலே ஊதாப் பொடி தூவியது போல

ஸ்டெயின் படிவு. வடிகட்டுங்கள். கழுவும்போது ஸ்டெயினை முதலில் சாய்த்துக் கொட்டாமல், ஸ்லைடு கிடைமட்டமாக இருக்கும்போதே தண்ணீரை விட்டு மேலே மிதக்கும் ஆடையை வழியவிடுங்கள்.

## அறிகுறி: மெஷினில் பிளேட்லெட் குறைவு, ஆள் நன்றாக இருக்கிறார்

இதில் நான் வாங்கிய அடி ஒன்று உண்டு. நடுத்தர வயது அம்மா ஒருவர், மூட்டுவலிக்கு வழக்கமான டெஸ்ட். மெஷின் 18,000 என்றது. மறுபடி ஓட்டினேன், 21,000. ஸ்லைடு போட்டு நடுவில் பார்த்தேன். பிளேட்லெட் ஒன்றுகூட இல்லை. உடனே ரிப்போர்ட் கொடுத்தேன். அன்று இரவே அவரை வேன் பிடித்து நகரத்துக்குக் கொண்டு போனார்கள். அங்கே எண்ணினால் 2,30,000. எல்லா பிளேட்லெட்டும் என் ஸ்லைடின் வாலில் திராட்சைக் கொத்து மாதிரி திரண்டு கிடந்திருக்கிறது. நான் வாலைப் பார்க்கவில்லை. சிலருடைய ரத்தத்தில் எடிடிஏ பட்டாலே பிளேட்லெட் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். அது நோயே இல்லை.

அதிலிருந்து என் வரிசை இது:

1. டியூபில் கட்டி இருக்கிறதா என்று குச்சி விட்டுப் பார்ப்பது.
2. 10 லென்ஸில் வால், ஓரம். கொத்து இருந்தால் அந்த எண்ணை வெளியே விடுவதில்லை. கொத்தை மெஷின் வெள்ளையணு என்று எண்ணியிருக்கும் வாய்ப்பும் உண்டு, எனவே அந்த எண்ணிலும் சந்தேகம் வையுங்கள்.
3. நியூட்ரோஃபிலைச் சுற்றிப் பிளேட்லெட் மாலை போட்டது போல ஒட்டியிருக்கிறதா என்று பார்ப்பது. இதுவும் எடிடிஏ செய்யும் வேலைதான்.
4. எடிடிஏவுக்குப் பதில் சிட்ரேட் இருக்கும் நீலமூடி டியூபில் புது ரத்தம். வரும் எண்ணை 1.1 ஆல் பெருக்க வேண்டும், ஏனென்றால் டியூபில் இருக்கும் திரவம் ரத்தத்தைப் பத்தில் ஒரு பங்கு நீர்க்கச் செய்கிறது. சிலருக்குச் சிட்ரேட்டிலும் ஒட்டும். அப்போது விரலில் குத்தி நேரடியாக ஸ்மியர்.
5. கையால் ஒரு மதிப்பீடு: எண்ணெய் லென்ஸில், செல்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறாத இடத்தில், 10 ஃபீல்டு எண்ணிச் சராசரியை 15,000 ஆல் பெருக்குங்கள். சராசரி 12 என்றால் ஏறக்குறைய 1,80,000. மெஷின் எண்ணுக்கும் இதற்கும் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம் இருந்தால் மெஷினை நம்பாதீர்கள்.

தலைகீழாகவும் நடக்கும். சிவப்பணு ரொம்பச் சிறுத்துப்போனவர்களிடமும், உடைந்த துண்டுகள் நிறைய இருப்பவர்களிடமும், அவற்றை மெஷின் பிளேட்லெட்டாக எண்ணி நல்ல எண்ணைக் காட்டிவிடும். நிஜத்தில் குறைவாக இருக்கும்.

கொத்தும் இல்லை, கட்டியும் இல்லை, ஸ்லைடிலும் பிளேட்லெட் அரிது என்றால் அது நிஜம். 20,000க்குக் கீழே என்றால் ரிப்போர்ட் டைப் ஆகும் வரை காத்திருக்க வேண்டாம். அனுப்பிய டாக்டருக்குப் போன்.

## அறிகுறி: சிவப்பணுவின் வடிவம் மாறியிருக்கிறது

### கண்ணீர்த் துளி

வால்கள் எல்லாம் ஒரே திசையைப் பார்க்கின்றனவா? அப்படியானால் ஸ்லைடு இழுத்த கைதான் காரணம். ஆளுக்கொரு திசையில் திரும்பியிருந்தால் நிஜம். அதோடு முதிராத வெள்ளையணுவும் உட்கருவுள்ள சிவப்பணுவும் சேர்ந்து தெரிந்தால் பேத்தாலஜிஸ்ட் பார்க்காமல் ரிப்போர்ட் போகக் கூடாது.

### நடுவில் பொட்டு வைத்த செல்

ஸ்லைடின் ஒரு மூலையில் மட்டும் என்றால் காய்ந்த விதம். முழுக்க இருந்தால் மூன்று எண்களைப் பாருங்கள்: ஹீமோகுளோபின், எம்சிவி (சிவப்பணுவின் சராசரி அளவு), சிவப்பணு எண்ணிக்கை. எம்சிவியைச் சிவப்பணு எண்ணிக்கையால் வகுத்து 13க்குக் கீழே வந்தால் தலசீமியா (பரம்பரை ரத்தசோகை) பக்கம் சாயும். மேலே என்றால் இரும்புச்சத்துக் குறைவு பக்கம். எம்சிவி 62, சிவப்பணு 5.6 மில்லியன் என்றால் 11 சொச்சம். இது திசைகாட்டி மட்டும்தான், முடிவைச் சொல்ல வேண்டியது, ஹீமோகுளோபின் வகைகளைப் பிரித்துக் காட்டும் ஹெச்பிஎல்சி டெஸ்ட். கல்லீரல் நோயிலும் இந்தப் பொட்டு வரும்.

### அரிவாள்

நீலகிரிப் பழங்குடியினரிடம் அரிவாள் செல் (பரம்பரையாக வரும் சிவப்பணுக் கோளாறு) இருப்பது 1952லேயே பதிவானது. இந்தியாவில் அதுதான் முதல் பதிவு. அந்தப் பக்கத்து ஆள் என்றால் ஒரே ஒரு செல் தெரிந்தாலும் கரைதிறன் டெஸ்ட், பிறகு ஹெச்பிஎல்சி. ஆனால் அரிவாள் இல்லாத ஸ்லைடை வைத்து "இல்லை" என்று எழுதாதீர்கள். ஒரு பெற்றோரிடமிருந்து மட்டும் மரபணு வந்தவர்களின் ஸ்மியர் பெரும்பாலும் நார்மலாகவே இருக்கும்.

### உடைந்த துண்டுகள், தலைக்கவசம், முக்கோணம்

இங்கே நிதானமாகப் பாருங்கள். துண்டுகளில் நடுவெளுப்பு இருக்காது, முனை கூராக இருக்கும். 1,000 சிவப்பணுவை எண்ணுங்கள். பெரியவர்களுக்கு 1 சதவீதத்தைத் தாண்டி, பிளேட்லெட்டும் குறைந்திருந்தால் அன்றைக்கே, அந்த நேரமே போன். சின்ன ரத்தக்குழாய்களில் உறைகட்டி உண்டாகும் டிடிபி என்ற நோய் இப்படித்தான் முதலில் தலைகாட்டும், சிகிச்சை தாமதமானால் உயிருக்கு ஆபத்து. கர்ப்பிணி என்றால் இன்னும் அவசரம். பிளேட்லெட் நார்மல் என்றால் செயற்கை இதய வால்வு வைத்தவரா, தீக்காயமா என்று கேட்டு எழுதுங்கள்.

## அறிகுறி: சிவப்பணுவுக்குள் ஏதோ இருக்கிறது

ஃபைன் ஃபோகஸைத் திருப்புங்கள். செல்லும் புள்ளியும் வேறு வேறு தளத்தில் தெளிவானால் அது மேலே உட்கார்ந்த பொடி. சுற்றிலும் வெளிறிய வட்டம் இருந்தால், செல்லின் மேல் உட்கார்ந்த பிளேட்லெட்டாக இருக்கலாம். செல்லுக்கு வெளியே கிடக்கும் பிளேட்லெட்டோடு நிறத்தை ஒப்பிடுங்கள். சிவப்புப் புள்ளியும் நீல வளையமும் சேர்ந்து, செல்லின் உள்ளேயே இருந்தால் மலேரியா. செல் பெரிதாகி உள்ளே பொடிப்பொடியாகச் சிவப்புப் புள்ளி இருந்தால் வைவாக்ஸ் வகை மலேரியா. ஒரே செல்லில் இரண்டு மூன்று மெல்லிய வளையம், அல்லது வாழைப்பழம் மாதிரி வளைந்த உருவம் தெரிந்தால் ஆபத்தான ஃபால்சிபாரம் வகை. ஃபால்சிபாரம் என்றால் உடனே போன். சந்தேகம் தீரவில்லை என்றால் தடிமன் ஸ்மியரும் கார்டு டெஸ்டும் சேர்த்துப் போடுங்கள்.

ஒற்றையாக, உருண்டையாக, கரும் ஊதாவாக ஒரு புள்ளி மட்டும் இருந்தால் மண்ணீரல் எடுத்தவரா என்று கேளுங்கள்.

## அறிகுறி: பெரிய, நீலமான, பெயர் தெரியாத வெள்ளையணு

எல்லோரும் பயப்படும் இடம் இது. தப்பு இரண்டு பக்கமும் நடக்கும். டெங்கு சீசனில் வைரஸால் உருமாறிய லிம்போசைட்டைப் பார்த்து லுகேமியா (ரத்தப் புற்றுநோய்) என்று பயமுறுத்துவது ஒன்று. அதே சீசன் பழக்கத்தில் நிஜ பிளாஸ்டை (லுகேமியாவில் வரும் முதிராத செல்லை) "அட்டிபிக்கல் லிம்போ" என்று எழுதித் தள்ளிவிடுவது இன்னொன்று. இரண்டாவதுதான் மோசம்.

முதலில் ஸ்மியரும் ஸ்டெயினும் சரியா என்று பக்கத்து ஸ்லைடை வைத்து உறுதி செய்யுங்கள். தடித்த பகுதியில் எந்த லிம்போசைட்டும் கறுத்துப்போய்த் தெரியும், வால் நுனியில் எந்தச் செல்லும் பரந்து விரிந்து பூதமாகத் தெரியும். இரண்டுக்கும் நடுவில் பாருங்கள்.

பிறகு கூட்டத்தைப் பாருங்கள். வைரஸ் காய்ச்சலில் ஒவ்வொரு செல்லும் ஒவ்வொரு ஜாடை. ஒன்று சின்னது, ஒன்று பெரியது, ஒன்றுக்கு நிறைய நீலச் சைட்டோபிளாசம், பக்கத்துச் சிவப்பணுவைத் தழுவிக்கொண்டு ஓரம் வளைந்திருக்கும், தொட்ட இடத்தில் நீலம் அடர்ந்திருக்கும். பிளாஸ்ட் கூட்டம் அப்படி இல்லை. ஒரே அச்சில் வார்த்த மாதிரி இருக்கும். உட்கரு செல்லை அடைத்துக்கொண்டிருக்கும், சைட்டோபிளாசம் மெல்லிய ஓரம் மட்டும். உட்கருவின் உள்ளே அரைத்த மாவு போல மழமழப்பு, அதில் ஒன்றிரண்டு வெளிறிய குழி. லிம்போசைட் உட்கருவில் தெரியும் திட்டுத்திட்டான கட்டி இதில் இருக்காது.

மூன்றாவது, மற்ற எண்கள். டெங்குவில் பிளேட்லெட் குறையும், வெள்ளையணுவும் குறையும், ஆனால் ஹீமோகுளோபின் பெரும்பாலும் நன்றாகவே இருக்கும். ரத்தக்குழாயிலிருந்து நீர் கசிந்தால் ஹெமடோக்ரிட் (ரத்தத்தில் சிவப்பணுவின் பங்கு) ஏறும். ஹீமோகுளோபின் 6, பிளேட்லெட் 25,000, கூடவே இந்தச் செல்கள் என்றால் டெங்கு கார்டு பாசிட்டிவ் வந்தாலும் நான் சும்மா விடமாட்டேன். வெள்ளையணுவை மூன்று வகையாக மட்டும் பிரிக்கும் மெஷின் வைத்திருப்பவர்கள் நடு செல் சதவீதம் ஏறியிருந்தால் கட்டாயம் ஸ்லைடு போடுங்கள். பிளாஸ்ட் அந்தப் பெட்டியில்தான் ஒளிந்துகொள்ளும்.

நான்காவது, ஊசி தேடுவது. சைட்டோபிளாசத்தில் மெல்லிய சிவப்பு ஊசி ஒன்று தெரிந்தால் அது ஆவர் ராட். வைரஸ் செல்லில் அது இருக்காது. ஊசிகள் விறகுக் கட்டு மாதிரி அடுக்காக இருந்தாலும், துகள் நிறைந்த செல்லில் உட்கரு வண்ணத்துப்பூச்சி போல இரண்டாகப் பிரிந்திருந்தாலும், அதுதான் ஏபிஎல் என்ற லுகேமியா வகை. இதில் வெள்ளையணு எண்ணிக்கை குறைவாகக்கூட இருக்கும், அதனால் ஏமாந்துவிடுவோம். ஆள் முதல் சில நாள்களிலேயே ரத்தப்போக்கில் போய்விடலாம். சந்தேகம் வந்தவுடனே மாத்திரையைத் தொடங்கும் நோய் இது. இரவு பத்து மணியானாலும் பேத்தாலஜிஸ்டை எழுப்புங்கள். திட்டமாட்டார்.

எத்தனை பிளாஸ்ட் இருந்தால் சொல்வது என்று புதிதாக வருபவர்கள் கேட்பார்கள். 20 சதவீதம் என்ற கணக்கு நோயை முடிவு செய்யும் டாக்டர்களுக்கு. நமக்கு ஒன்றே போதும். எண்ணிக்கை எழுதும்போது 100 செல்லோடு நிறுத்தாமல் 200 எண்ணுங்கள். 100இல் 5 என்று வந்தால் உண்மை 1 முதல் 12 வரை எங்கு வேண்டுமானாலும் இருக்கலாம்.

## அறிகுறி: நசுங்கிய செல்கள் நிறைய

நசுங்கிய வெள்ளையணு ஒன்றிரண்டு எல்லோருக்கும் இருக்கும். நிறைய என்றால் முதலில் அழுத்தி இழுத்தோமா என்று மறுபடி ஒரு ஸ்மியர். அப்படியும் நசுங்கினால் ஐந்து சொட்டு ரத்தத்தில் ஒரு சொட்டு 22 சதவீத ஆல்புமின் கலந்து இழுங்கள். ரத்த வங்கியில் கேட்டால் கிடைக்கும். செல்கள் முழுசாக நின்று, எல்லாம் முதிர்ந்த சின்ன லிம்போசைட், வயதானவர் என்றால் சிஎல்எல் (மெல்ல வளரும் லுகேமியா) ஆக இருக்கலாம். அவசரம் இல்லை, பேத்தாலஜிஸ்ட் வரும் நாளுக்கு எடுத்து வையுங்கள்.

## அறிகுறி: ஒட்டிக்கொள்ளும் சிவப்பணு

நாணய அடுக்கா, கொத்தா? தடித்த பகுதியில் அடுக்கு எல்லோருக்கும் தெரியும், அதை விடுங்கள். மெல்லிய பகுதியிலும் அடுக்கு இருந்து, பின்னணியும் நீலமாக இருந்தால் இஎஸ்ஆர் (சிவப்பணு படியும் வேகம்), புரதம் பாருங்கள், மயலோமா (எலும்பு மஜ்ஜைப் புற்றுநோய்) சந்தேகம். கொத்தாக இருந்து, மெஷினில் எம்சிஹெச்சி (சிவப்பணுவில் ஹீமோகுளோபினின் செறிவு) அபத்தமாக ஏறியிருந்தால் டியூபை 37 டிகிரியில் கால்மணி நேரம் சூடாக்கி உடனே மறுபடி ஓட்டுங்கள். எண்கள் ஒழுங்குக்கு வந்தால் குளிரில் ஒட்டும் ஆன்டிபாடி.

## அறிகுறி: உட்கருவுள்ள சிவப்பணு

பிறந்த குழந்தைக்கு இது இயல்பு. யாருக்கு இருந்தாலும், மெஷின் இதை லிம்போசைட் என்று எண்ணியிருக்கலாம். 100 வெள்ளையணு எண்ணும்போது கூடவே உட்கருவுள்ள சிவப்பணு 25 கிடைத்து, மெஷின் எண் 15,000 என்றால், 15,000ஐ 100ஆல் பெருக்கி 125ஆல் வகுக்க வேண்டும். நிஜமான வெள்ளையணு 12,000.

## போனில் என்ன சொல்வது, கவுண்டரில் என்ன சொல்வது

டாக்டரிடம் எண்களை முதலில் சொல்லுங்கள்: வயது, ஹீமோகுளோபின், வெள்ளையணு, பிளேட்லெட். பிறகு கண்ணால் கண்டதை. "பெரிய செல், மழமழ உட்கரு, 200இல் 60" என்று சொன்னால் போதும். நோய்ப் பெயரை அவர் சொல்லட்டும். ஐபீஸில் மொபைலை வைத்து நாலு படம் அனுப்புங்கள், படத்தில் நோயாளியின் பெயர் வரக் கூடாது. யாரிடம், எத்தனை மணிக்குச் சொன்னோம் என்பதை நோட்டில் எழுதுங்கள்.

கவுண்டரில் நிற்பவர் "தம்பி, ரிப்போர்ட் ஏன் இன்னும் வரல?" என்று கேட்பார். "டாக்டர் ஒருதரம் பாக்கணும்மா, பாத்ததும் கூப்பிடுறோம்" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை வேண்டாம். நம் முகமே பாதியைச் சொல்லிவிடும், அதனால் நான் அந்த நேரத்தில் வேறு யாரையாவது கவுண்டருக்கு அனுப்பிவிடுவேன்.

வெளியே அனுப்பும்போது ஸ்டெயின் போட்ட ஸ்லைடு இரண்டு, போடாதது இரண்டு, அதே டியூப். பார்த்த ஸ்லைடை அழுத்தித் துடைக்காதீர்கள். எண்ணெயை டிஷ்யூ தாளில் ஒற்றி எடுங்கள், கீறல் விழுந்தால் வேலைக்காகாது. பெயரை ஸ்லைடின் சொரசொரப்பான முனையில் பென்சிலில் எழுதுங்கள். மார்க்கரில் எழுதினால் மெத்தனாலில் கரைந்துவிடும். எங்களிடம் ஒருமுறை ஒரே தட்டில் மூன்று ஸ்லைடு பெயர் அழிந்து நின்றது. அதில் ஒன்றில் பிளாஸ்ட் இருந்தது, யாருடையது என்று தெரியவில்லை. மூன்று பேரையும் கூப்பிட்டு மறுபடி குத்தினோம்.